புத்தளக் கரையும் பூவரசும்

ஓர் ஊரின் வரலாற்றை எழுதப் புகுவோர் அவ்வூரை ஆண்டவர் யார், அங்கே எழுந்த கோட்டை எது, கோயில் எது, பள்ளிவாசல் எது என்றே முதலிற் கேட்பர். அவ்வூரார் தம் வளவை எதனால் அடைத்தனர், உச்சி வெயிலில் எந்த மரத்தின் கீழ் ஒதுங்கினர் என்று கேட்பார் மிகச் சிலரே. நேயர்களே, இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருள் அந்தக் கேள்வியிலிருந்து பிறந்தது. தெற்கே மாஓயாவிலிருந்து வடக்கே வில்பத்துக் காடு வரை நீளும் நமது புத்தள மாவட்டக் கரையிலே, கேட்பாரற்று வேலியிலே நிற்கும் மரம் ஒன்று உண்டு. பூவரசு என்பது அதன் பெயர். சிங்கள மக்கள் அதனைச் சூரிய என்பர். அம்மரத்தின் வரலாறு, நாம் நினைப்பதினும் நீளமானது. நம் கரையோர வாழ்வின் வரலாற்றோடு பின்னிக் கிடப்பது.

மரத்தை அறியாதார் இங்கே இரார். ஆயினும் அறிந்த பொருளையே நாம் கூர்ந்து நோக்குவதில்லை. அரசிலை போன்று இதய வடிவான இலை. ஆனால் அரசிலைக்குள்ள நீண்ட வால்நுனி இதற்கில்லை. காலையில் மலரும்போது பூ நல்ல மஞ்சள். உள்ளே அடியில் கருஞ்சிவப்புப் பொட்டு. பொழுது சாயச் சாய அம்மஞ்சள் செம்மை ஏறி, ஊதா கலந்து, வாடி விழும். ஒரே மரத்தில் அன்று மலர்ந்த மஞ்சளும் நேற்று மலர்ந்த செம்மையும் அருகருகே இருக்கும். காய் உருண்டையானது. அதனைக் கிள்ளினால் வரும் மஞ்சட்பாலைச் சொறி சிரங்குக்குப் பூசுவது நாட்டு வைத்தியம். இலையைச் சுருட்டிப் பீப்பீ ஊதாத பிள்ளை நம் ஊர்களில் வளர்ந்ததில்லை. வகுப்பறைக்குள் அதனை ஊதியவர்களை நான் பலமுறை வெளியே நிறுத்தியிருக்கிறேன். ஆனால் அந்த ஓசை எனக்கு வெறுப்பானதென்று சொல்ல மாட்டேன்.

இனி, இம்மரத்தின் தனிச் சிறப்பு யாதெனில், அது உப்புக்கு அஞ்சாதது. நம் கரை எத்தகையது என்பதை எண்ணிப் பாருங்கள். கற்பிட்டிக் குடாநாடு ஒரு புறம் கடலும் மறு புறம் களப்புமாக இடையிற் கிடக்கும் மணல் திட்டு. சோளகம் தொடங்கினால் மாதக்கணக்கில் ஓயாது வீசும். கச்சான் காற்று மணலை வாரி முகத்தில் அறையும். காற்றிலே உப்பு, கிணற்றிலே ஓரளவு உப்பு, மண்ணின் அடியிலும் உப்பு. புத்தளம் என்ற பெயரையே உப்புத்தளம் என்பதன் திரிபாகக் கொள்வாருமுளர். இத்தகைய நிலத்தில் மாவும் பலாவும் பிள்ளை வளர்ப்பதுபோலப் பேணி வளர்க்கப்பட வேண்டியவை. பூவரசோ கண்டற் காட்டின் ஓரத்தில், கடல்நீர் ஏறி இறங்கும் இடத்திற்குச் சற்று மேலே, தானாகவே நிற்பது. அதன் விதை கடல்நீரில் மிதக்கும். பல நாள் மிதந்தும் முளைக்கும் ஆற்றலை இழவாது. கிழக்கு ஆப்பிரிக்கக் கரை முதல் பசுபிக் மாக்கடலின் தீவுகள் வரை இம்மரம் காணப்படுவதற்கு இதுவே முதற் காரணம்.

ஆனால் நம் ஊர்களில் நிற்கும் பூவரசுகளுட் பெரும்பாலானவை கடல் கொணர்ந்தவையல்ல, மனிதன் நட்டவை. அதிலும் மரம் வேண்டும் என்று நட்டவையல்ல. வேலி வேண்டும் என்று நட்டவை. யாழ்ப்பாணத்தார் கதியால் என்று சொல்லும் வேலிக் கம்பே இங்கு மரத்தின் பிறப்பு. மாரி மழைக்கு முன்னர், கைத்தடிமனான நேரிய கிளைகளை ஓராள் உயரத்திற்கு வெட்டுவர். வெட்டிய அன்றே நடுவதில்லை. சில நாள் நிழலிற் சார்த்தி வைப்பர். வெட்டுவாய் சற்று உலர்ந்தால் மண்ணில் அழுகாது என்பது கண்டறிந்த முறை. பின்னர் முழங்கை ஆழத்துக்குக் குழி தோண்டி, தலைகீழாகாமற் பார்த்து நட்டு, மண்ணை மிதித்து இறுக்குவர். கம்புகளுக்குக் குறுக்கே வரிச்சு கட்டி, அதன்மேல் தென்னங்கிடுகு சார்த்தினால் வேலி ஆயிற்று. முதல் மழையில் கணுக்கள் துளிர்க்கும். அடுத்த ஆண்டு கிடுகு மக்கிப் போகும். கம்போ இலை விட்டிருக்கும். கிடுகை மாற்றலாம், கம்பை மாற்ற வேண்டியதில்லை. ஆண்டுதோறும் வேலி புதிதாக, கம்பு மட்டும் தடித்துக்கொண்டே வரும்.

ஆண்டுக்கொருமுறை கிளை தறிப்பது வேலிக்காரனின் கடமை. தறித்த குழை ஆட்டுக்கு உணவு. யாழ்ப்பாணத் தோட்டக்காரர் பூவரசங்குழையை மண்ணிலே தாழ்த்திப் பசளையாக்குவர். உள்மரப்பட்டை நாருக்கு உதவும். முற்றிய மரத்தின் வயிரம் கருஞ்சிவப்பு நிறமுடையது, நெருங்கிய இழையுடையது, நீரில் எளிதில் உளுக்காதது. வண்டிச் சக்கரத்தின் ஆரக்காலுக்கும், படகின் வளைந்த விலாச் சட்டங்களுக்கும் அதனைத் தேடி எடுப்பர். அச்சட்டத்தை வங்கு என்பது கடலோடிகள் வழக்கு. நேராக வளரும் மரத்தைச் சிறந்ததென்று கொள்வது காட்டுத் தச்சன் கணக்கு. இயல்பாகவே வளைந்த கொம்பைச் சிறந்ததென்று கொள்வது படகுத் தச்சன் கணக்கு. வேலியிலே அடிக்கடி தறிபட்டுக் கோணி வளர்ந்த பூவரசு படகுக்காரனுக்கு அவன் நினைத்த வளைவை வெட்டாமலே தந்துவிடுகிறது.

நிழல், அழகு என்ற பேச்சே இதுவரை வரவில்லை என்பதை நேயர்கள் கவனித்திருப்பீர்கள். அவை இலவசமாகக் கிடைத்தவை. வேலி ஓரமாக ஒழுங்கையின் இரு மருங்கும் கம்புகள் மரமாகி, மேலே கிளைகள் கைகோத்தபோது, மணல் ஒழுங்கை நிழற்பாதை ஆயிற்று. அதனை வகுத்த சிற்பி எவருமிலர்.

மரவேலிக்கும் புத்தளத்துக்கும் உள்ள உறவு பழமையானது என்பதற்கு ஒரு சான்று சொல்வேன். 1344ஆம் ஆண்டில் மொறொக்கோ நாட்டுப் பயணியான இபுனு பதூதா இக்கரையில் வந்திறங்கினார். தாம் கண்ட ஊரை அவர் பத்தாளா என்று குறிக்கிறார். அது புத்தளமே என்பர் ஆராய்ச்சியாளர். ஆரியச் சக்கரவர்த்தியை அவர் சந்தித்தது இங்கேதான். அச்சிறிய அழகிய ஊரைச் சுற்றி மரத்தாலான மதிலும் மரக் கொத்தளங்களும் இருந்தன என்று அவர் எழுதிவைத்தார். கல்மதில் அன்று, மரமதில். அம்மரம் எம்மரம் என்று அவர் சொல்லவில்லை. அது பூவரசே என்று சாதிக்க நான் முற்படவுமில்லை. கல் அரிதான மணற்கரையிலே ஊரைக் காப்பதும் மரம், வீட்டைக் காப்பதும் மரம் என்ற அளவில் அச்செய்தி நமக்குப் போதும்.

ஒல்லாந்தர் வந்தபோது கதை வேறு திசையில் திரும்புகிறது. கண்டியரசனின் கடல்வழி வாணிகத்தைத் தம் கட்டுக்குள் வைத்திருக்க வேண்டி, 1667ஆம் ஆண்டில் அவர்கள் கற்பிட்டியிற் கோட்டை கட்டத் தொடங்கி 1676இல் முடித்தனர். 1706இல் அங்கே பேதுரு பெயரால் ஒரு தேவாலயமும் எழுந்தது. கோட்டை இன்றும் கடற்படையினர் வசம் நிற்கிறது. முருகைக்கல்லும் சுண்ணாம்பும் கொண்டு கட்டிய சுவர்கள் வெயிலை உறிஞ்சிக்கொண்டு நிற்கும் காட்சியைக் கண்டவர்கள், குளிர்நாட்டிலிருந்து வந்த அம்மனிதருக்கு நிழல் எத்துணை இன்றியமையாததாக இருந்திருக்கும் என்பதை உணர்வர்.

நெதர்லாந்தின் நகரங்களிலே கால்வாய்க் கரையில் வரிசையாக மரம் நடுவது அவர்களுக்குப் பழகிய வழக்கம். அவ்வழக்கத்தை இங்கும் கொண்டுவந்தனர். மரத்தை மட்டும் இங்கிருந்தே எடுத்தனர். கொழும்பு முதலிய தம் கரையோர நகரங்களின் தெருக்களிலே ஒல்லாந்தர் நிழலுக்காக வளர்த்தது பூவரசு. பின்வந்த ஆங்கிலேயர் அம்மஞ்சட் பூவைக் கண்டு தம் நாட்டுத் தியூலிப் பூவை நினைத்துக்கொண்டு, மரத்துக்கே தியூலிப் மரம் என்று பெயரிட்டனர். 1845 முதல் 1850 வரை இலங்கையின் குடியேற்ற நாட்டுச் செயலாளராயிருந்த எமர்சன் தெனன்ற் 1859இல் வெளியிட்ட தமது பெருநூலில் கரையோர நகரங்களின் இந்நிழல் மரத்தைக் குறித்துச் செல்கிறார்.

இங்கே என் கருத்தொன்றைச் சொல்ல விரும்புகிறேன். ஒல்லாந்தரின் நகரமைப்பைப் புகழ்வோர், அத்தெருக்களின் நிழலையும் அவர்களுடைய அறிவின் விளைவு என்றே எழுதுகின்றனர். வரிசையாக நடும் ஒழுங்கு அவர்களுடையதாக இருக்கலாம். எந்த மரம் இந்த மணலில் நிற்கும், எந்த மரம் கம்பாக நட்டாலே வேர் பிடிக்கும், எந்த மரம் உப்புக் காற்றிலும் இலை கருகாது என்ற அறிவு கடல்கடந்து வந்ததாக இருக்க முடியாது. அது கரையில் வாழ்ந்த பரவரும் முக்குவரும் சோனகரும் சிங்கள மீனவரும் தலைமுறை தலைமுறையாக வேலியிலே கண்டறிந்து வைத்திருந்தது. கோட்டையின் தெருமரம், குடிசையின் வேலிமரத்திடமிருந்து கடன் பெற்றது என்றே நான் கொள்கிறேன்.

ஒல்லாந்தர் செய்த வேறொரு நன்மையை மறுக்கலாகாது. அவர்கள் காலத்தில்தான் இம்மரம் ஏட்டில் ஏறியது. மலையாளக் கரையில் அதிகாரியாயிருந்த வான் ரீட் 1678 தொடக்கம் 1693 வரை பன்னிரண்டு தொகுதிகளாக வெளியிட்ட மலபார்ச் செடிநூலின் முதல் தொகுதியிலேயே பூவரசின் படமும் விளக்கமும் உள்ளன. பூப்பருத்தி என்ற மலையாளப் பெயர் அங்கே பூபரிதி என்று இலத்தீன் எழுத்திற் பதிந்தது. அதே காலத்தில், 1670களில், இலங்கையில் ஒல்லாந்தக் கும்பனியின் வைத்தியராயிருந்த பவுல் ஹெர்மன் இங்குள்ள செடிகளை உலர்த்தி ஒட்டிப் பெருந்தொகுதியாக்கினார். அவர் இறந்த பின் அத்தொகுதி பல கை மாறி, சுவீடன் தேசத்து லின்னேயஸ் என்னும் பேரறிஞரிடம் சென்றது. அதை வைத்தே அவர் 1747இல் இலங்கைச் செடிநூலை எழுதினார். 1753இல் பூவரசுக்கு இபிஸ்கஸ் பொபுல்னெயஸ் என்று பெயரிட்டார். செம்பரத்தைக் குடும்பம் என்பதும், ஐரோப்பியப் பொப்லர் மரத்தின் இலையை ஒத்தது என்பதும் அப்பெயரின் பொருள்.

அப்பெயர் நிலைக்கவில்லை. நிலைத்த பெயரின் கதை இன்னும் சுவையானது. 1769ஆம் ஆண்டு கப்டன் குக்கின் கப்பல் தாகித்தித் தீவில் நங்கூரமிட்டபோது, அதில் தானியல் சொலாண்டர் என்ற செடிநூலாரும் இருந்தார். அவர் லின்னேயஸின் மாணாக்கர். அத்தீவு மக்கள் தம் வழிபாட்டிடங்களைச் சூழ இம்மரத்தை வளர்த்திருந்தனர். தெய்வத்தன்மை வாய்ந்தது என்ற பொருளுள்ள கிரேக்கச் சொல்லிலிருந்து தெஸ்பெசியா என்ற பெயரை அவர் ஆக்கினார். அது 1807இல் முறையாக வெளியாகி, தெஸ்பெசியா பொபுல்னெயா என்று இன்று உலகெங்கும் வழங்குகிறது. இன்னும் கிழக்கே, மனித வாழ்வின் எல்லையிலே தனித்துக் கிடக்கும் ஈஸ்ற்றர் தீவில், ரொங்கொரொங்கோ என்னும் எழுத்துப் பொறித்த பலகைகள் கிடைத்துள்ளன. உலகில் இன்று எஞ்சியிருப்பவை ஏறத்தாழ 25. எவராலும் இன்னும் வாசிக்கப்படாத அவ்வெழுத்தைத் தாங்கிய மரம் யாதென்று ஆராய்ந்தபோது, அப்பலகைகளுட் பல பூவரச மரமே என்று தெரியவந்தது. நாம் ஆடு கட்டும் மரத்திலே ஓரினம் தன் வேதத்தை எழுதியிருக்கிறது.

மீண்டும் நம் கரைக்கு வருவோம். 1795 நவம்பரில் கற்பிட்டி ஆங்கிலேயர் வசமாயிற்று. அவர்கள் ஆட்சியிலே வீதிகள் அகன்றன, பூங்காக்கள் தோன்றின. அகன்ற வீதிக்கு அகன்ற குடை வேண்டுமென்று அமெரிக்காவிலிருந்து மழைமரமும், மடகாஸ்கரிலிருந்து செந்தீப் போலப் பூக்கும் மயிற்கொன்றையும், அவுஸ்திரேலியாவிலிருந்து சவுக்கும் வந்தன. அவை அழகற்றவை என்று நான் சொல்லவில்லை. மே மாதத்தில் மயிற்கொன்றை பூத்து நிற்கும் வீதியை எவர்தான் வெறுப்பர்? ஆயினும் அன்று முதல் ஒரு பிரிவினை உண்டாயிற்று. வெளியிலிருந்து வந்தது அழகுமரம், இங்கு நின்றது வேலிமரம் என்பதே அப்பிரிவினை. அது நம் உள்ளத்தில் இன்றும் இருக்கிறது. மன்னாரிலே பள்ளிமுனையில் நிற்கும் பெருக்கமரத்தை அராபிய வணிகர் கொணர்ந்தனர் என்பது மரபு. அதற்கு அறிவிப்புப் பலகை உண்டு. பார்க்கச் செல்வோர் உண்டு. பூவரசுக்குப் பலகை வைத்த ஊர் ஒன்றை நான் காணவில்லை. ஊர்ப் பெயர்களோ அதனை மறக்கவில்லை. வவுனியாவிலிருந்து மன்னார் செல்லும் வழியில் பூவரசங்குளம், கிண்ணியாவிலே பூவரசந்தீவு.

1990ஆம் ஆண்டின் ஒக்டோபர் இறுதியைக் கடக்காமல் இக்கரையின் வேலிகளைப் பற்றிப் பேசுதல் இயலாது. வட மாகாணத்தின் ஐந்து மாவட்டங்களிலும் வாழ்ந்த முஸ்லிம் மக்கள் அனைவரையும் விடுதலைப் புலிகள் வெளியேற்றினர். அவர்கள் தொகை ஏறத்தாழ 75,000. யாழ்ப்பாண நகரத்தாருக்குக் கிடைத்த அவகாசம் இரண்டு மணித்தியாலம். மன்னார்த் தீவினர் பலர் வள்ளங்களிலேறிக் கற்பிட்டிக் கரையில் வந்திறங்கினர். வந்தவருட் பெரும்பகுதியினர் தங்கியது இந்தப் புத்தள மாவட்டத்திலேதான். நான் அப்போது இருபது வயதினன். தென்னந்தோப்புகளிலே கிடுகுக் கொட்டில்கள் வரிசை வரிசையாக எழுந்ததைக் கண்டேன். ஒரு கொட்டிலுக்கும் மறு கொட்டிலுக்கும் இடையிலே வேலி இல்லை. யாழ்ப்பாணத்திலும் மன்னாரிலும் வேலியோடே பிறந்து வளர்ந்த மக்கள் அவர்கள். பெண்கள் குளிக்க மறைப்பில்லாமல் பழைய சேலையைக் கட்டி நின்றதையும் அக்காலம் கண்டது. பிறர் காணியில், நாளை திரும்பிப் போவோம் என்ற எண்ணத்தோடு இருப்பவன் வேலி நடுவதில்லை. கம்பு வேர்விடுவது என்பது அவனுக்கு ஆறுதலான செய்தியுமன்று.

ஆண்டுகள் பல சென்றன. சிறு துண்டுக் காணிகளை விலைக்கு வாங்கியோர் தொகை மெல்ல மெல்லக் கூடியது. 2007இல் உலக வங்கியின் உதவியோடு ஒரு வீடமைப்புத் திட்டமும் வந்தது. வாங்கிய நிலத்திலே வீட்டுக்கு அத்திவாரம் வெட்டுவதற்கு முன்னரே, பக்கத்து ஊரில் இரந்து பெற்ற பூவரசங்கம்புகள் எல்லையில் நிற்பதை நான் பார்த்திருக்கிறேன். 2009இல் போர் முடிந்த பின் ஒரு பகுதியினர் மன்னாருக்கும் முசலிக்கும் யாழ்ப்பாணத்துக்கும் திரும்பினர். அவ்வாறு சென்று தம் பழைய வளவைத் தேடியவர் ஒருவர் என்னிடம் சொன்னதை இங்கே சொல்கிறேன். வீடு இல்லை; கிணறு தூர்ந்து போயிற்று; எல்லைக் கல்லையும் காணவில்லை. பத்தொன்பது ஆண்டுகளாகத் தறிப்பாரில்லாத வேலிக்கம்புகள் மட்டும் மரங்களாகி, பற்றைக் காட்டினூடே நேர்கோட்டில் நின்றனவாம். காட்டு மரம் நேர்கோட்டில் வளராது. ஆகவே அவர் தம் காணியை அறிந்துகொண்டார். அப்பன் கையால் நட்ட கம்பு மகனுக்கு உறுதிப்பத்திரமாயிற்று.

இத்தனைக்கும் பின்னர், இம்மரம் இன்று நம் கரையிற் குறைந்து வருகிறது. எவரும் அதன்மேற் பகைகொண்டு வெட்டவில்லை. பலர் காடழிவையே காரணமாகச் சொல்வர். 1980களில் தொடங்கிய இறால் வளர்ப்புக் குட்டைகளுக்காகக் களப்போரத்துக் கண்டற் காடுகள் பெருமளவில் அழிந்ததும், 1996இல் நோய் கண்டு குட்டைகள் பல கைவிடப்பட்டதும் உண்மையே. கண்டலின் ஓரத்துத் தோழனான பூவரசு அங்கே கண்டலோடு போயிற்று. கண்டலுக்காகப் பேச இன்று ஆளுண்டு. சிலாபத்தை அடுத்த பம்பலையில் 2016இல் கண்டற் காட்சிச்சாலை ஒன்றே திறக்கப்பட்டது. ஆனால் ஊருக்குள் நின்ற பூவரசின் குறைவுக்குக் காரணம் வேறு. வேலி மறைகிறது, அதனால் மரம் மறைகிறது. மரமென்று நினைத்து எவரும் நடாத மரம் அது. வேலியே அதன் நாற்றுமேடை. கிடுகு வேலியின் இடத்தைக் கொங்கிறீற்றுத் தூணும் முட்கம்பியும், பின்னர் சீமெந்து மதிலும் பிடித்துக்கொண்டன. நம் மாவட்டத்துச் சீமெந்தே நம் மாவட்டத்து மரத்தின் தொழிலைப் பறித்துக்கொண்டது என்று நான் நகைச்சுவையாகச் சொல்வதுண்டு. தென்னந்தோட்டங்களில் உயிர்வேலி இன்னும் உண்டு. ஆனால் அங்கே விரைவில் வளரும் கிளிரிசிடியா முந்திக்கொண்டது.

மதிலைக் குறை கூறுவது எளிது. கிடுகு வேலியை ஆண்டுதோறும் அடைப்பதன் செலவும் உழைப்பும் அறிந்தவர், மதில் கட்டியவனைப் பழிக்க மாட்டார். ஆகவே வேலிக்குத் திரும்புங்கள் என்று நான் சொல்லப் போவதில்லை. நான் கேட்பது இது ஒன்றே: வேலியின் பொருட்டு இதுவரை நட்டதை, இனி மரத்தின் பொருட்டே நட்டால் என்ன? இன்று கரையோரத்து அரச அலுவலகங்களிலும், பாடசாலைகளிலும், கற்பிட்டியிலே காற்றாடி விளையாட்டுக்காக வரும் வெளிநாட்டாரை எதிர்பார்த்து எழும் விடுதிகளிலும், சூழலை அழகுபடுத்தல் என்ற பெயரால் ஆண்டுதோறும் கன்றுகள் நடப்படுகின்றன. நட்ட அன்று புகைப்படம். மறு சோளகத்தில் கருகிய இலை. நாளொன்றுக்கு இருவேளை நன்னீர் கேட்கும் புற்றரையை, குடிநீருக்கே குடத்தோடு காத்திருக்கும் மணற்குடாநாட்டில் விரிப்பது எனக்கு அழகாகத் தோன்றவில்லை.

உள்நாட்டு மரம் என்பதற்காக மட்டும் ஒன்றைப் போற்ற வேண்டியதில்லை என்று சொல்வாரும் உளர். அவர் சொல்வதிலும் பொருளுண்டு. இதே பூவரசு, அமெரிக்காவின் புளோரிடாக் கரையிலே அயலிலிருந்து வந்து பரவும் தொல்லை மரங்களின் பட்டியலில் இருக்கிறது. நமக்கு உறவினன், அங்கே அழையா விருந்தாளி. மரம் நல்லதா தீயதா என்பது அது நிற்கும் மண்ணைப் பொறுத்தது. இன்னும், அதற்குக் குறைகளும் உள. பருத்திக்குக் கேடு செய்யும் செம்பூச்சி பூவரசின் விதையை நாடி வரும். ஆதலால் பருத்தி விளையும் பகுதிக்கு அது உகந்ததன்று. இலையும் பூவும் ஓயாது உதிரும். நாள்தோறும் கூட்ட ஆள் வேண்டும். கம்பாக நட்டு வளர்ந்த மரம் கோணலாவதும், வயதானபின் உள்ளே பொள்ளலாவதும் உண்டு.

இக்கடைசிக் குறைக்கு மருந்து எளிது. வேலிக்குத்தான் கம்பு தகும். நிழலுக்கு வேண்டுமானால் விதையிட்டே வளர்க்க வேண்டும். கறுத்து உலர்ந்த காயைப் பிளந்து விதையை எடுத்து, மேல்தோலைச் சற்றுக் கீறி, ஓரிரவு நீரில் ஊறவைத்து, மணலும் எருவும் கலந்த பையில் ஊன்றினால் சில வாரங்களில் முளைக்கும். கன்று முழங்கால் உயரத்துக்கு வந்தபின், மாரி மழை தொடங்கும்போது நிலத்தில் நடலாம். முதல் இரு கோடையில் நீர் ஊற்ற வேண்டும். ஆட்டின் வாய்க்கு எட்டாதபடி காவல் வேண்டும். கீழ்க்கிளைகளை ஆளுயரத்துக்கு மேல் கழித்து விட்டால் அடிமரம் நேராக ஏறும். மதிலோரமாக நடுவோர் மதிலிலிருந்து ஐந்தாறு முழம் தள்ளி நடுதல் நலம். எங்கள் பாடசாலையின் மேற்கு எல்லையிலே, காற்று நேரே வந்து மோதும் பக்கத்தில், மாணவர்கள் இவ்வாறு நட்ட கன்றுகள் இருபத்திரண்டில் பத்தொன்பது இப்போது அவர்களுடைய தலைக்கு மேல் உயர்ந்துவிட்டன. காலை இடைவேளையில் சிறுவர்கள் அங்கேதான் இலை பறிக்கப் போகிறார்கள். அடுத்த பாடத்துக்கு மணி அடிக்குமுன் பீப்பீ ஓசை கேட்டுவிடுகிறது.